கண் மட்டும் பாக்கி

முதல் உறை வந்த அன்று மையக்கா அதைப் பிரித்துப் பார்த்துவிட்டுச் சிரித்தாள். இருபத்துநாலு வருஷமாகப் பெண்கள் பக்கம் நின்று கேலிச்சித்திரம் போடுகிறவளுக்கு வராத தபாலா? அடுப்படிக்குப் போ என்று எழுதியவர்கள் உண்டு. கையை ஒடிப்பேன் என்று எழுதியவர்கள் உண்டு. ஒருவர் பதினாறு பக்கம் திட்டித் தீர்த்துவிட்டு, கடைசிப் பக்கத்தில் தன் பெண்ணுக்கும் நன்றாக வரைய வரும், ஏதாவது வழிகாட்ட முடியுமா என்று கேட்டிருந்தார். எல்லாவற்றையும் ஒரு பிஸ்கட் டப்பாவில் போட்டு வைத்திருந்தாள். இந்த உறையில் கடிதமே இல்லை. போன வாரம் பேப்பரில் வந்த அவளுடைய படம் ஒன்றைக் கத்தரித்து வைத்திருந்தார்கள். படத்தில் இருந்த முக்காலியைச் சுற்றிச் சிவப்புப் பென்சிலில் ஒரு வட்டம். அதுவும் டப்பாவுக்குள் போனது.

விரலில் எப்போதும் மை இருக்கும் என்பதால் ஆபீசில் வைத்த பேர் மையக்கா. சமையல் குறிப்புக்குப் பக்கத்தில் காய்கறி வரையத்தான் அவளை வேலைக்கு எடுத்தார்கள். ஒருநாள் பெரிய கார்ட்டூனிஸ்ட் காய்ச்சல் என்று படுத்துவிட்டார். பக்கம் அச்சுக்குப் போக அரை மணி நேரம்தான் இருந்தது, மூன்றாம் பக்கத்தில் ஒரு கட்டம் வெறுமனே கிடந்தது. காய்கறிக்காரி ஒரு படம் போட்டுக் கொடுத்தாள். மேடையில் ஒருவர் பெண் விடுதலையைப் பற்றி முழங்குகிறார். திரைக்குப் பின்னாலிருந்து ஒரு பெண்ணின் கை, அவர் படிக்க வேண்டிய அடுத்த பக்கத்தை நீட்டுகிறது. ஆசிரியர் நெற்றியைத் தடவிக்கொண்டார். வேறு படம் இல்லாததால் போட்டார். மறுநாள் போன் ஓயவில்லை. பெரியவர் காய்ச்சல் தெளிந்து வந்தபோது கட்டம் கை மாறியிருந்தது. அவர் காய்கறி வரையச் சம்மதிக்கவில்லை என்பது வேறு கதை.

ஆனால் அவள் பேரை ஊரறியச் செய்தது கொண்டைக்காரிதான். பதினோரு வருஷமாக வாரம் ஒருமுறை வருகிற படம் அது. உச்சியில் ஒரு கொண்டை, எதற்கும் கலங்காத ஒரு பார்வை, எதிரே அவள் புருஷன். புருஷனுக்கு முகமே கிடையாது. எப்போது பார்த்தாலும் செய்தித்தாளைப் பிரித்து மறைத்துக்கொண்டு உட்கார்ந்திருப்பார், பேர் பேப்பர்காரர். அந்த வீட்டில் எந்தச் சாமானும் இடம் மாறக் கூடாது என்று எல்லாவற்றையும் கயிறு போட்டுக் கட்டி வைத்திருப்பார். கத்தரிக்கோலுக்குக் கயிறு, பேனாவுக்குக் கயிறு, அடுப்புப் பற்றவைக்கும் லைட்டருக்குக் கயிறு. சுவர்க் கடிகாரம் பத்து நிமிஷம் முன்னால் ஓடும், பெண்டாட்டி எதற்கும் தாமதமாகக் கூடாதே. வாசகர்கள் விழுந்து விழுந்து சிரித்தார்கள். பெண்கள் ஊர்வலம் ஒன்றில் அறுந்த கயிற்றைக் கம்பில் கட்டித் தூக்கிப் போனார்கள். மையக்காவுக்கு இரண்டு பரிசு வந்தது. மேடையில், இதையெல்லாம் எப்படிக் கற்பனை செய்கிறீர்கள் என்று கேட்டபோது, வீட்டுக்கு வீடு நடக்கிறதுதானே என்று சொல்லித் தப்பித்துக்கொண்டாள்.

கற்பனையும் இல்லை, வீட்டுக்கு வீடும் இல்லை. அது ஒரே ஒரு வீடு. அவளுடைய தங்கை குட்டியின் வீடு.

குட்டி இரண்டு மணி நேரப் பஸ் தூரத்தில், கட்டட வரைபடம் போடுகிற ஒருவருக்கு வாழ்க்கைப்பட்டிருந்தாள். குழந்தை இல்லை. செவ்வாய்க்கிழமைதோறும் பதினோரு மணிக்கு, மாப்பிள்ளை கட்டட வேலை பார்க்கப் போயிருக்கும் நேரத்தில் அக்காவுக்குப் போன் செய்வாள். “அக்கா, இந்த வாரம் என்ன நடந்துச்சு தெரியுமா” என்று ஆரம்பித்தால் இரண்டு பேரும் சிரித்துச் சிரித்து வயிறு வலிக்கும். போனை வைத்ததும் அக்கா பேனாவைத் திறப்பாள். மையக்காவிடம் தொழில் விஷயத்தில் ஒரு பிடிவாதம் இருந்தது. மனுஷரை எப்படி வேண்டுமானாலும் கோணலாக்கலாம், ஆனால் சாமான் நிஜச் சாமானாக இருக்க வேண்டும், இட்டுக்கட்டிய நாற்காலியில் உட்கார்ந்தவனைப் பார்த்தால் யாருக்கும் சிரிப்பு வராது என்பாள். அதனால் தங்கை வீட்டுக்குப் போகும்போதெல்லாம் சின்ன நோட்டில் சாமான்களை வரைந்து எடுத்துக்கொண்டு வருவாள். முக்காலியின் குட்டையான ஒரு காலுக்கு அட்டை மடித்து முட்டுக் கொடுத்திருந்ததுகூடப் படத்தில் அப்படியே வந்தது. பதினோரு வருஷமும் சிரிப்பை மட்டும் கேட்டாள். சிரிப்புக்கு அடியில் என்ன இருக்கிறது என்று ஒரு செவ்வாய்க்கிழமைகூட அவள் கேட்டதில்லை.

இரண்டாவது உறையில் சுவர்க் கடிகாரத்தைச் சுற்றி வட்டம். மூன்றாவதில் காது உடைந்த கோப்பை. நாலாவதில் கயிறு கட்டிய கத்தரிக்கோல். ஆபீசில் எல்லோர் முகமும் மாறிவிட்டது. யாரோ உன் வீட்டுக்குள் வந்து ஒவ்வொரு சாமானாகப் பார்த்துவிட்டுப் போகிறார்கள் என்று ஆசிரியர் சொன்னார். பெரிய தொப்பையோடு நாற்காலியில் புதைந்திருக்கிற மனுஷர், அன்றைக்கு எழுந்து நின்று பேசினார். போலீஸில் போய்க் கேட்டால், மிரட்டல் வாசகம் எங்கே என்றார்கள், பேப்பரில் வட்டம் போடுவது குற்றமா என்றார்கள். மையக்கா தனியாகக் குடியிருக்கிறவள். மாடிப்படி ஏறும்போது திரும்பித் திரும்பிப் பார்த்தாள், ஜன்னலைச் சாத்தினாள், பஸ்ஸை மாற்றி மாற்றி ஏறினாள். தன் வீட்டில் முக்காலியே கிடையாது என்பது அவளுக்குத் தோன்றவே இல்லை. நம்மைத்தான் குறி வைக்கிறார்கள் என்று நினைப்பதில் புகழ் பெற்றவர்களுக்கு ஒரு அலாதிப் பிரியம்.

இதற்கிடையே குட்டியிடமிருந்து போன் வருகிற விதம் மாறிப்போயிருந்தது. ஒரு செவ்வாய் பதினோரு மணிக்கு வரவில்லை, சாயங்காலம் வந்தது. “அவரும் பக்கத்துலதான்க்கா இருக்காரு, நல்லா இருக்கோம்” என்று சொல்லிவிட்டு வைத்துவிட்டாள். அடுத்த செவ்வாய் அதுவும் இல்லை. இருக்கிற பயத்தில் இதை யார் கவனித்தார்கள்? குட்டிக்குச் சளி பிடித்திருக்கும் என்று நினைத்து, அந்த வாரப் படத்துக்குப் பழைய நோட்டிலிருந்து ஒரு சாமானைத் தேடி எடுத்தாள்.

ஐந்தாவது உறை வந்தபோது மத்தியானம் பன்னிரண்டு மணி இருக்கும். இந்த முறை வட்டம் சாமானைச் சுற்றி இல்லை. கொண்டைக்காரியைச் சுற்றி. அதோடு, அவள் வரையாத ஒரு கோடு படத்தில் கூடுதலாக இருந்தது. கொண்டைக்காரியின் கணுக்காலில் தொடங்கி மேஜைக் காலில் போய் முடிகிற ஒரு சிவப்புக் கயிறு.

பயத்தைவிடத் தொழில்புத்தி முந்திக்கொண்டது. இந்தக் கோட்டை எப்படிப் போட்டிருக்கிறான் என்று படத்தை ஜன்னல் வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்தாள். அளவுகோல் வைத்து இழுத்த கோடு. வட்டத்தின் நட்டநடுவில், கொண்டைக்காரியின் நெஞ்சில், ஊசி முனை அளவு ஒரு ஓட்டை. அதன் வழியாக வெளிச்சம் வந்தது. மையக்கா டப்பாவைக் கவிழ்த்து மற்ற நாலையும் எடுத்தாள். ஒவ்வொன்றின் நடுவிலும் அதே ஓட்டை. கோபத்தில் கிறுக்குகிறவன் கையால் வட்டம் போடுவான். இதையோ காம்பஸ் வைத்துப் போட்டிருக்கிறார்கள். கொலைவெறியில்கூட வட்டம் கோணலாகக் கூடாது என்று நினைக்கிற ஒரே ஒரு மனுஷரைத்தான் அவளுக்குத் தெரியும். முக்காலியும் கடிகாரமும் கோப்பையும் யார் வீட்டுச் சாமான் என்பது அப்போதுதான் உறைத்தது.

ஐந்து உறையையும் ஆசிரியர் மேஜையில் வைத்தாள். தங்கை வீட்டு விலாசத்தை எழுதினாள். ஆறு மணிக்குள் தன்னிடமிருந்து தகவல் வராவிட்டால் ஆளோடு வரச் சொன்னாள். குட்டி தனியாக இங்கே வந்து நின்றால் யாரிடமும் அனுப்பாதீர்கள் என்றும் சொன்னாள். ஆசிரியர் கூட வருகிறேன் என்றார். நாலு பேரோடு போனால் கதவு திறக்காது என்று சொல்லிவிட்டு அடுத்த பஸ்ஸைப் பிடித்தாள்.

கதவைத் திறந்தவர் மாப்பிள்ளை. வாங்க அக்கா, வாங்க என்று முகம் மலர வரவேற்றார். செருப்பை வாசலில் குட்டியின் செருப்புக்குப் பக்கத்தில் விட்டுவிட்டு உள்ளே போனாள். தாகமாக இருக்கிறது என்று நேராகச் சமையலறைக்கே போய், தண்ணீர் குடிக்கிற சாக்கில் தோள்பையைப் பின்கதவு ஓரத் திண்டில் வைத்தாள். நோட்டையும் பேனாவையும் மட்டும் கையில் எடுத்துக்கொண்டாள். எதற்காக அப்படிச் செய்தாள் என்று கேட்டால் அப்போது அவளுக்கே சொல்லத் தெரிந்திருக்காது.

கூடத்தில் முக்காலி இல்லை. சுவரில் கடிகாரம் இருந்த இடத்தில் வெளிறிய வட்டம் ஒன்று இருந்தது. கயிறு எதுவும் கண்ணில் படவில்லை. ஆணிகள் மட்டும் வரிசையாக நின்றன. படத்தில் வந்த சாமான் ஒன்றுகூட வீட்டில் மிச்சமில்லை. அப்புறம் குட்டி வந்தாள். அவளுடைய கொண்டையும் இல்லை. கழுத்துக்கு மேலே, அளவுகோல் வைத்துப் பார்த்து வெட்டிய மாதிரி, ஒரே நேராக முடி நின்றிருந்தது. உட்காரு குட்டி என்று அக்கா சொன்னதும் அவள் புருஷன் முகத்தைப் பார்த்தாள். அவர் தலையசைத்த பிறகுதான் உட்கார்ந்தாள்.

மாப்பிள்ளை ஒரு தடித்த ஃபைலைக் கொண்டுவந்து விரித்தார். பதினோரு வருஷப் படங்களும் தேதி வாரியாக ஒட்டியிருந்தன. எல்லாம் மையக்காவின் ஊர்ப் பேப்பரில் வந்தவை. அவர் பார்வைக்கு வராது என்று அக்காவும் தங்கையும் நம்பியிருந்தார்கள். போன மாசம் அவர் வரைபடம் போட்டுக் கொடுத்த ஒரு வீட்டுக்காரர், உங்கள் வீட்டுக்கு வந்தபோது பார்த்த கயிறெல்லாம் இதில் இருக்கிறதே என்று சிரித்துக்கொண்டே காட்டினாராம். அதன்பிறகு நூலகத்தில் உட்கார்ந்து ஒன்றுவிடாமல் பிரதி எடுத்தாராம். குரலை உயர்த்தாமல், கணக்குப் பாடம் சொல்கிற மாதிரி சொல்லி முடித்தார்.

“அளந்து வரைஞ்ச மாதிரி இருக்குக்கா. நானும் தொழில்ல இருக்கிறவன், எனக்குத் தெரியும். ஆனா என் முகத்தை மட்டும் ஒரு தடவைகூட வரையலையே, ஏன்?”

“நீங்க பேப்பர் படிச்சிக்கிட்டு இருந்தீங்க மாப்பிள்ளை.”

“இப்ப படிக்கல. வரைங்க.”

சட்டை மாற்றித் தலை வாரிக்கொண்டு வருகிறேன் என்று அறைக்குள் போனார். கதவைச் சாத்தவில்லை. கண்ணாடி முன்னால் சீப்பு ஓடுகிற சத்தம் கூடம்வரை கேட்டது. அந்த ஒரு நிமிஷத்தில் மையக்கா தங்கையின் கையைப் பிடித்தாள். ஒரு வார்த்தை என்னிடம் சொல்லியிருக்கலாமே என்று உதடு மட்டும் அசையக் கேட்டாள். குட்டி அவளை நிமிர்ந்து பார்த்தாள். கோபம்கூட இல்லை அந்தப் பார்வையில்.

“வாரா வாரம் சொன்னேனேக்கா. நீதான் வரைஞ்சே.”

சீப்புச் சத்தம் நின்றது. மையக்கா கையை விட்டுவிட்டாள். இருபத்துநாலு வருஷத்தில் அவளை நோக்கி வந்த வசவு எதுவும் இந்த அளவுக்கு அவளைத் தைத்ததில்லை. அழ நேரமில்லை என்பதால் அழவில்லை.

மாப்பிள்ளை இஸ்திரி போட்ட சட்டையோடு வந்து, வாசலைப் பார்த்தபடி நாற்காலியில் உட்கார்ந்தார். அங்கிருந்து பார்த்தால் குட்டியின் செருப்பு தெரியும். நீயும் நின்று பார், எப்படி வரைகிறார்கள் என்று கற்றுக்கொள் என்று பெண்டாட்டியை அக்காவின் நாற்காலிக்குப் பின்னால் நிற்கச் சொன்னார். வாழ்நாள் முழுக்கக் காகிதத்துக்கு மேலே குனிந்தே பழகியவர் அவர். எதிரே உட்காருகிறவனுக்குக் காகிதத்தின் முதுகு மட்டும்தான் தெரியும் என்பது அவர் மூளைக்கு எட்டவில்லை.

“அசையக் கூடாது மாப்பிள்ளை” என்று சொல்லிவிட்டு மையக்கா நோட்டிலிருந்து ஒரு தாளைக் கிழித்து, நோட்டின்மேல் நிமிர்த்தி வைத்துப் பேனாவைத் திறந்தாள்.

முகத்தை வரையவில்லை. தாளின் உச்சியில், கட்டைவிரல் அளவுக்கு, கொண்டைக்காரியை வரைந்தாள். கொண்டை இல்லாத கொண்டைக்காரி. தோளில் மைக்கறை படிந்த பை, அக்காவின் பை. காலில் செருப்பு இல்லை. பின்கதவு, தெருமுனையில் பஸ், பஸ் போய் நிற்கிற வாசலில் ஒரு பெரிய தொப்பை. ஆசிரியரின் தொப்பையைக் குட்டி ஒருமுறை பார்த்திருக்கிறாள். பார்த்தவர் யாரும் அதை மறக்க முடியாது. கடைசியாக, கொண்டைக்காரியின் கணுக்காலில் அறுந்து தொங்குகிற கயிறு. பதினோரு வருஷமாகக் குட்டி பட்டதை வரைந்தவள், முதல் தடவையாக அவள் செய்ய வேண்டியதை வரைந்தாள்.

பின்னால் மூச்சு நின்றது. ஒரு விரல் அவள் தோளைத் தொட்டு எடுத்தது.

“டீ போடட்டுமா?” என்று குட்டி புருஷனைக் கேட்டாள்.

“போடு. சர்க்கரை கம்மியா” என்றார் அவர், வாய் அதிகம் அசையாமல்.

வெறுங்கால் சத்தம் சமையலறைக்குப் போயிற்று. மையக்கா பேனாவை அழுத்திப் பிடித்து, அந்தச் சின்னப் படத்தின் மேலேயே முடி போட ஆரம்பித்தாள். பஸ்ஸை மூடினாள், தொப்பையை மூடினாள், கொண்டைக்காரியை மூடினாள். எல்லாம் சேர்ந்து மாப்பிள்ளையின் தலையில் கருகருவென்று முடியானது. அதற்குக் கீழே நெற்றி, மூக்கு, வாய் என்று இறங்கினாள். பார்த்தால் நல்ல முகம். ரேஷன் வரிசையில் முன்னால் நின்றால் நேரம் என்ன என்று கேட்கத் தோன்றுகிற முகம். உள்ளே தண்ணீர் ஊற்றுகிற சத்தம் கேட்டது. அடுப்பு பற்றியது. பின்கதவின் தாழ்ப்பாள் ஒரு முனகல் முனகியதும் மையக்கா வேண்டுமென்றே இருமினாள்.

“பேனாச் சத்தம் விட்டு விட்டு வருதுக்கா. கை நடுங்குதா?”

“வயசாச்சு மாப்பிள்ளை.”

செருப்பு வாசலிலேயே இருந்தது. அதைப் பார்த்துக்கொண்டு அவர் நிம்மதியாக இருந்தார். முனையில் ஒரு பஸ் வந்து நின்றது கேட்டது. எத்தனை பேர் ஏறுகிறார்களோ, அது நின்றுகொண்டே இருந்தது. மையக்கா உதட்டோரத்தில் ஒரே கோட்டை மூன்று தடவை போட்டாள். பிறகு பஸ் கிளம்பிற்று.

தண்ணீர் வற்றிப் பாத்திரம் காய்கிற வாடை கூடத்துக்கு வந்தபோதுதான் அவர் எழுந்தார். சமையலறையில் அடுப்பை அணைக்கிற சத்தம் கேட்டது. பின்கதவு திறந்தது, மறுபடி மூடிக்கொண்டது. திரும்பி வந்தவர் சத்தம் போடவில்லை. மையக்காவின் கையிலிருந்து தாளை வாங்கி, கையை நீட்டிப் பிடித்து, நிதானமாகப் பார்த்தார். முகம் முழுசாக இருந்தது. கண் இருக்க வேண்டிய இடத்தில் மட்டும் வெள்ளைக் காகிதம்.

“முடி நிறைய போட்டிருக்கீங்க” என்றார். சிரிக்கிறாரா என்று சொல்ல முடியவில்லை.

பிறகு வாசல் கதவைச் சாத்திப் பூட்டினார். சட்டைப் பையிலிருந்து ஒரு முழக் கயிறு வெளியே வந்தது. சாவியை அதில் கோத்துத் தன் மணிக்கட்டில் கட்டிக்கொண்டார். முடிச்சு சரியாக விழுந்ததா என்று இழுத்துப் பார்த்தார். செருப்பில்லாமல் எவ்வளவு தூரம் போய்விடுவாள், முன்பும் ஒருமுறை தெருமுனை வரைக்கும் போய்விட்டுத் திரும்பி வந்தவள்தானே என்றார். அக்கா இங்கே இருக்கும்போது அவள் எங்கே போவாள் என்றார். நாற்காலியைச் சரியாக அதே இடத்தில் போட்டு, அதே மாதிரி உட்கார்ந்து, தாளை நீட்டினார்.

“அவ வர்ற வரைக்கும் நேரம் இருக்குக்கா. கண்ணையும் போட்டு முடிச்சிடுங்க.”

மையக்கா தாளை வாங்கி மடியில் வைத்துக்கொண்டாள். அவளுடைய போன், பை, எல்லாம் பஸ்ஸில் போய்க்கொண்டிருந்தன. பயமாக இருந்தது. ஆனால் பதினோரு வருஷத்தில் முதல் தடவையாக அவளுக்குக் குட்டி எங்கே இருக்கிறாள் என்பது சரியாகத் தெரிந்திருந்தது. பஸ் ஆபீஸ் வாசலுக்குப் போய்ச் சேர இரண்டு மணி நேரம் ஆகும்.

“கண்ணுதான் மாப்பிள்ளை கஷ்டம்” என்றாள் அவள். “ரெண்டு மணி நேரம் ஆகும். அசையாம உக்காருங்க.”